அம்மா அறை டிவியில் நேரலை மட்டும் நின்று நின்று வருகிறது, தீபத்துக்குள் சரியாக வேண்டும்

உறையூர்_மகள்:

வணக்கம். அம்மாவுக்கு 79 வயது. முழங்கால் ஒத்துழைத்த காலம் வரை வருடம் தவறாமல் திருவண்ணாமலை போய், 14 கிலோமீட்டர் கிரிவலத்தையும் செருப்பில்லாமல் நடந்தவர். இப்போது கட்டிலுக்கு எதிரே இருக்கும் டிவியில்தான் தீப தரிசனம்.

போன வருடம் மாலை ஆறு மணி. அர்த்தநாரீஸ்வரர் வெளியே வருகிற நேரம். வருடத்துக்கு ஒரு முறை, அதுவும் ஓரிரு நிமிடம்தான். அந்த நேரம் பார்த்துத் திரையில் வட்டம் சுற்ற ஆரம்பித்துவிட்டது. பக்கத்து வீட்டில் கேபிள் டிவி. அங்கே 'அரோகரா' என்று குரல் எழும்புகிறது, இங்கே படம் உறைந்து நிற்கிறது. திரும்பி வந்தபோது மலை மேல் ஜோதி எரிந்துகொண்டிருந்தது. அம்மா ஒன்றும் சொல்லாமல் கைகூப்பினார். எனக்குத்தான் மனசு ஆறவில்லை.

இந்த வருடம் தீபத்துக்கு இன்னும் 24 நாள் இருக்கிறது. விவரம் இதுதான். பைபர் இணைப்பு, 100 எம்பிபிஎஸ் திட்டம். ரவுட்டர் முன்கூடத்தில். அம்மா அறை வீட்டின் பின்பக்கம், நடுவில் சமையலறை. டிவி வாங்கி ஆறு வருடம் ஆகிறது, வைஃபையில் ஓடுகிறது. பழைய படம், முடிந்துபோன சீரியல் எல்லாம் நன்றாக வருகிறது. நேரலை மட்டும் மாலை ஆறரைக்கு மேல் பத்து நிமிடத்துக்கு ஒரு தடவை நின்றுவிடுகிறது. ஆப்பை அழித்துத் திரும்பப் போட்டேன், ரவுட்டரை அணைத்துப் போட்டேன். இணைப்பு கொடுத்தவர்கள் "எங்க பக்கம் எல்லாம் சரியா இருக்கு மேடம்" என்கிறார்கள். புது டிவி வாங்க வேண்டுமா? பெரிய திட்டத்துக்கு மாற வேண்டுமா?

கோவை_வீட்டான்:

பேசாமல் ஒரு டிஷ் போட்டுவிடுங்கள். மாதக் கட்டணம் இல்லாத டிடி ஃப்ரீ டிஷ் இருக்கிறதே.

உறையூர்_மகள்:

யோசித்தோம் சார். எங்களுக்கு மேலே இன்னொரு குடித்தனம், மொட்டை மாடி அவர்கள் பக்கம். அம்மா தினமும் காலையில் பார்க்கும் கோயில் நேரலைகளும் யூடியூபில்தான் வருகின்றன.

நெட்வொர்க்_தம்பி:

அக்கா, எதையும் வாங்காதீர்கள். கோளாறு எந்த இடத்தில் என்று முதலில் பிடித்துவிடலாம். படம் உங்கள் டிவிக்கு வர நான்கு கட்டம் இருக்கிறது: ஒளிபரப்புகிறவர்கள், வீடு வரை வரும் பைபர், ரவுட்டரில் இருந்து டிவி வரை உள்ள தூரம், அப்புறம் டிவி. இதில் மூன்றாவதை யாரும் சோதிப்பதே இல்லை. போனை ரவுட்டர் பக்கத்தில் வைத்து வேகம் பார்த்துவிட்டு "94 வருதே" என்று விட்டுவிடுகிறோம். அந்த 94 டிவி வரைக்கும் போய்ச் சேருகிறதா என்பதுதான் கேள்வி.

மாலை ஏழு மணிக்கு, படம் நிற்கிற நேரத்திலேயே, மூன்று இடத்தில் வேகம் பாருங்கள். ஒன்று, மடிக்கணினியை ரவுட்டரில் கேபிளால் செருகி. இரண்டு, அம்மா கட்டிலில் உட்கார்ந்து போனில். மூன்று, டிவியில் இருக்கும் பிரவுசரில். கேபிளிலேயே குறைவாக வந்தால் லைன்காரர்களிடம் சண்டை போடலாம். இல்லையென்றால் சண்டை வீட்டுக்குள்தான்.

பழைய படம் நன்றாக வந்து நேரலை மட்டும் நிற்பதற்கும் காரணம் இருக்கிறது. பதிவான படம் முழுசாக அங்கே தயாராக இருக்கும். வேகம் நன்றாக இருக்கும்போதே டிவி அடுத்து வரப்போவதையும் கொஞ்சம் இழுத்து வைத்துக்கொள்ளும். நடுவில் வைஃபை அரை நிமிடம் தடுமாறினாலும் உங்களுக்குத் தெரியாது. நேரலையில் அடுத்த நிமிடம் இன்னும் நடக்கவே இல்லையே, எதை இழுத்து வைக்கும்? படத்தைச் சில விநாடித் துண்டுகளாக நறுக்கி அனுப்புகிறார்கள். பெரும்பாலும் ஆறு விநாடித் துண்டு. கையிருப்பில் இரண்டு மூன்று துண்டுதான் இருக்கும். அப்படியானால் இருபது விநாடி இடறினாலே வட்டம் சுற்றும். திட்டத்தை 300க்கு மாற்றினாலும் இந்த இடறல் போகாது.

யூடியூபில் ஓடும்போது அமைப்புகளில் 'ஸ்டாட்ஸ் ஃபார் நெர்ட்ஸ்' என்று ஒன்று இருக்கும். அதைப் போட்டு 'பஃபர் ஹெல்த்' வரியைப் பாருங்கள். எத்தனை விநாடிக் கையிருப்பு என்று காட்டும். அது பூஜ்யத்தை நோக்கி இறங்குகிற நேரத்தைக் குறித்து வையுங்கள்.

மேலூர்_ஆசிரியை:

இது உங்கள் பிரச்சினை இல்லை, ஆனாலும் சொல்கிறேன். எங்கள் டிவியில் எந்த ஆப்பும் திறக்காமல் 'இணைப்பு இல்லை' என்றே ஒரு வாரம் வந்துகொண்டிருந்தது. கடைசியில் பார்த்தால் டிவியின் தேதி பத்து வருடம் பின்னால் இருந்தது. தேதியைத் தானாகவே எடுத்துக்கொள்ளும்படி மாற்றியதும் சரியாகிவிட்டது. தேதி தப்பாக இருந்தால் பாதுகாப்புச் சான்றிதழ் செல்லாது என்று டிவி எதிர்முனையை நம்ப மறுக்குமாம்.

உறையூர்_மகள்:

தேதி சரியாக இருக்கிறது டீச்சர், உடனே பார்த்துவிட்டேன்.

தம்பி, நீங்கள் சொன்னபடி இரண்டு நாள் சோதித்தேன். கேபிளில் மடிக்கணினி: 92. அம்மா கட்டிலில் போன்: 5. டிவியில்: 4, ஒரு தடவை 2. காலையில் பார்த்தால் டிவியில் 11 வருகிறது.

நிற்கிற நேரங்களைத் தினசரி காலண்டர் தாளின் பின்பக்கம் எழுதினேன். திங்கள்: 6:48, 7:10, 7:11, 7:40, 8:22. செவ்வாய்: 6:50, 7:12, 7:38. இரண்டு நாளும் ஏறக்குறைய ஒரே நேரம்! யோசித்துக்கொண்டே சமையலறைக்குப் போனேன். மகள் மைக்ரோவேவில் பால் சுடவைத்துக்கொண்டிருந்தாள். ஓடிவந்து டிவியைப் பார்த்தால் கையிருப்பு 14 விநாடியில் இருந்து 3க்கு இறங்கியிருந்தது. அடுப்பு 'டிங்' என்று நின்றதும் மெல்ல ஏறியது. மூன்று தடவை வெறும் தண்ணீர் வைத்துச் செய்து பார்த்தேன், மூன்று தடவையும் அப்படியே.

நெட்வொர்க்_தம்பி:

அருமையாகப் பிடித்தீர்கள் அக்கா. மைக்ரோவேவ் அடுப்பு வேலை செய்வது 2.45 கிகாஹெர்ட்ஸ் அருகில். உங்கள் டிவி பிடிக்கும் வைஃபையும் அதை ஒட்டிய 2.4 பட்டையாக (அலைவரிசையாக) இருக்க வேண்டும். அடுப்புக் கதவின் இடுக்கில் கசிவது உடம்புக்கு ஒன்றும் செய்யாத அளவுதான், ஆனால் வைஃபையின் மெல்லிய அலைக்கு அது பெரிய இரைச்சல். ரவுட்டருக்கும் டிவிக்கும் நடுவிலேயே அடுப்பு உட்கார்ந்திருக்கிறது. கூடவே, மாலையில் அக்கம்பக்கத்து வீட்டு வைஃபை எல்லாம் விழித்துக்கொள்ளும். உங்கள் போனில் எத்தனை பெயர் காட்டுகிறது?

டிவி அமைப்பில் பெயருக்குப் பின்னால் 5ஜி என்று முடியும் வைஃபை தெரிகிறதா என்றும் பாருங்கள். இது மொபைல் 5ஜி இல்லை, 5 கிகாஹெர்ட்ஸ் பட்டை. தெரிந்தால் அதில் சேருங்கள். அந்தப் பட்டையில் அடுப்பின் தொந்தரவு இல்லை. ஆனால் அது சுவரைத் தாண்டுவதில் சோப்ளாங்கி.

உறையூர்_மகள்:

16 பெயர் காட்டுகிறது. டிவியில் 5ஜி வைஃபை தெரியவே இல்லை. போனில் தெரிகிறது, அம்மா அறையில் ஒரு கோடுதான். ரவுட்டர் சேனலை, அதாவது பட்டைக்குள் இருக்கும் உட்பிரிவை, 'ஆட்டோ'வில் இருந்து 1, 6, 11 என்று ஒவ்வொன்றாக மாற்றிப் பார்த்தேன். 11இல் கொஞ்சம் பரவாயில்லை, மாலையில் வேகம் 7 வரை வருகிறது. அடுப்பு ஓடினால் மறுபடி அதே கதை. கடையில், வைஃபையை நடுவில் வாங்கித் திரும்ப அனுப்பும் ரிப்பீட்டர் ஒன்று வாங்கச் சொல்கிறார்கள்.

பழைய_லைன்மேன்:

அம்மா, நான் தொலைபேசித் துறையில் 31 வருடம் கம்பத்திலும் குழியிலும் வேலை பார்த்தவன். ரிப்பீட்டர் வேண்டாம். விலை குறைந்தவை அதே பட்டையில் வாங்கி அதே பட்டையில் கொடுக்கும். ஒரே வாயால் கேட்கவும் பேசவும் வேண்டும், அதனால் வேகம் பாதியாகும். இரைச்சலையும் அது கேட்டுக்கொண்டுதான் இருக்கும்.

டிவி நகராத பொருள். நகராத பொருளுக்குக் கம்பி போடுங்கள். டிவி பின்னால் சதுரமாக ஒரு லான் துளை இருக்கும். கேட்6 என்ற நெட்வொர்க் கேபிள், தூரத்தை விட மூன்று நான்கு மீட்டர் அதிகமாக வாங்குங்கள். முழுத் தாமிரமா என்று கேட்டு வாங்குங்கள். அலுமினியத்தின் மேல் தாமிரம் பூசியது மலிவாகக் கிடைக்கும், நாலு தடவை மடக்கினால் உள்ளே ஒடிந்துவிடும். கரண்டு வயரோடு ஒட்டி ஒரே குழாயில் விட வேண்டாம். குறுக்கே தாண்ட வேண்டிய இடத்தில் நேர்குறுக்காகத் தாண்டட்டும். நூறு மீட்டர் வரை கவலையில்லை.

உறையூர்_மகள்:

ஐயா, வயரிங் பார்ப்பவரை வைத்துப் போட்டாயிற்று. கேபிள், முனை, கூலி எல்லாம் சேர்த்து 1,400 ரூபாய். கூடத்தில் இருந்து சமையலறைப் பரணை ஒட்டி 18 மீட்டர். ஆனால் சொன்னால் நம்ப மாட்டீர்கள், இன்னும் நிற்கிறது! டிவியில் வேகம் ஒரு தடவை 30, அடுத்த தடவை 6. அடுப்பு அணைந்திருக்கும்போதும் இப்படித்தான். அவர் சோதனைக் கருவியைச் செருகிக் காட்டினார், 8 விளக்கும் வரிசையாக எரிந்தது. "கேபிள் பெர்ஃபெக்ட், டிவிதான் போச்சு" என்று சொல்லிவிட்டுப் போய்விட்டார். தீபத்துக்கு இன்னும் 9 நாள்.

பழைய_லைன்மேன்:

பதறாதீர்கள். முனையைக் கையில் எடுங்கள். கிளிப் நாக்கு கீழே, தங்க நிறப் பற்கள் மேலே, கேபிள் உங்களைப் பார்த்து இருக்கட்டும். இடமிருந்து வலமாக நிறங்களைச் சொல்லுங்கள்.

உறையூர்_மகள்:

ஆரஞ்சு-வெள்ளை, ஆரஞ்சு, பச்சை-வெள்ளை, பச்சை, நீல-வெள்ளை, நீலம், பழுப்பு-வெள்ளை, பழுப்பு. இரண்டு முனையிலும் இதே வரிசைதான்.

பழைய_லைன்மேன்:

அகப்பட்டது. பார்க்க ஒழுங்காக, ஜோடி ஜோடியாக இருக்கிறது, அதுதான் தப்பு.

இந்த கேபிளுக்குள் கம்பிகள் இரண்டிரண்டாக முறுக்கி இருப்பதைப் பார்த்திருப்பீர்கள். அந்த முறுக்கு அழகுக்கு இல்லை. ஒரு ஜோடியில் ஒரு கம்பியில் போகும் சிக்னலுக்கு நேர் எதிரான சிக்னல் மறு கம்பியில் போகும். முறுக்கி இருப்பதால் வெளி இரைச்சல் இரண்டிலும் ஒரே அளவு ஏறும். எதிர்முனை இரண்டின் வித்தியாசத்தை மட்டும் எடுப்பதால் இரைச்சல் கழிந்துபோகும். உங்கள் டிவி வேகத்துக்கு 1, 2 ஒரு ஜோடி. 3, 6 ஒரு ஜோடி. உங்கள் முனையில் 3இல் பச்சை-வெள்ளை, 6இல் நீலம். ஒன்றோடொன்று முறுக்காத இரண்டு கம்பி! பக்கத்துக் கம்பிகளில் ஓடுவதெல்லாம் இவற்றில் ஏறும். நாங்கள் இதைப் பிரிந்த ஜோடி என்போம். அந்தக் காலத்தில் டெலிபோனில் பக்கத்து லைன் பேச்சு கேட்குமே, அதே சங்கதிதான்.

சோதனைக் கருவி ஒவ்வொரு கம்பியும் மறுமுனைக்குப் போகிறதா என்று மட்டும்தான் பார்க்கும். எது எதோடு முறுக்கி இருக்கிறது என்று அதற்குத் தெரியாது. அந்த வயரிங்காரர் மேல் கோபப்படாதீர்கள், விளக்கு எட்டும் எரிந்தால் யாரும் அப்படித்தான் நினைப்பார்கள்.

இரண்டு முனையையும் வெட்டி எறிந்துவிட்டு இப்படி மாட்டச் சொல்லுங்கள்: ஆரஞ்சு-வெள்ளை, ஆரஞ்சு, பச்சை-வெள்ளை, நீலம், நீல-வெள்ளை, பச்சை, பழுப்பு-வெள்ளை, பழுப்பு. பச்சை ஜோடி நீலத்தை நடுவில் விட்டு இருபுறம் நிற்க வேண்டும். முனைக்குள் நுழையும் வரை முறுக்கைப் பிரிக்கக் கூடாது. அரை அங்குலத்துக்கு மேல் பிரிந்தால் வெட்டிவிட்டு மறுபடி செய்யட்டும்.

உறையூர்_மகள்:

ஐயா!! டிவியில் 91. மறுபடி பார்த்தேன், 92. மைக்ரோவேவில் தண்ணீர் வைத்தேன், 91. இரண்டு மணி நேரமாக நேரலை ஓடுகிறது, ஒரு தடவைகூட நிற்கவில்லை. அம்மா "என்னடி, அதையே பார்த்துட்டு இருக்க" என்கிறார்.

நெட்வொர்க்_தம்பி:

ரொம்ப மகிழ்ச்சி அக்கா. ஐயா, நான் கணினிப் படிப்பில் இந்த நிற வரிசையை மனப்பாடம் செய்தவன்தான், ஏன் அப்படி என்று இன்றைக்குத்தான் புரிந்தது.

அக்கா, தீபத்தன்று முதல் கட்டத்துக்கும் ஒரு ஏற்பாடு வேண்டும். லட்சக்கணக்கான பேர் ஒரே நேரத்தில் பார்க்கும்போது ஒளிபரப்புகிறவர்கள் பக்கமே திணறலாம். ஐந்தரை மணிக்கே திறந்து வைத்துவிடுங்கள். தரத்தைக் கையால் 720க்கு வையுங்கள். கட்டில் தூரத்தில் இருந்து அம்மாவுக்கு வித்தியாசம் தெரியாது, கையிருப்பு பத்திரமாக இருக்கும். இன்னொரு சேனலின் நேரலையைப் போனில், வைஃபையை அணைத்து மொபைல் டேட்டாவில், சத்தமில்லாமல் ஓடவிடுங்கள்.

உறையூர்_மகள்:

இப்போதுதான் தீபம் பார்த்து முடித்தோம். அகல் ஏற்றிவிட்டு நேராக இங்கே எழுதுகிறேன். அர்த்தநாரீஸ்வரர் ஆடி ஆடி வெளியே வந்ததில் இருந்து மலை மேல் சுடர் தெரிந்தது வரை ஒரு விநாடி நிற்கவில்லை. நடுவில் ஒரு தடவை படம் லேசாக மங்கித் தெளிந்தது, அவ்வளவுதான். போன் தேவைப்படவில்லை. அம்மா கட்டிலில் இருந்து எழுந்து, என் தோளைப் பிடித்துக்கொண்டு, நின்றே கும்பிட்டார்.

ஒரே ஒரு சந்தேகம். பக்கத்து வீட்டில் 'அரோகரா' நமக்கு அரை நிமிடம் முன்னாலேயே கேட்டுவிட்டது. அதைக் குறைக்க வழி உண்டா?

நெட்வொர்க்_தம்பி:

அது கோளாறு இல்லை அக்கா. துண்டு போட்டு, அனுப்பி, கையிருப்பு சேர்த்து ஓடவிடுவதற்கு ஆகும் நேரம் அது. கையிருப்பைக் குறைத்தால் முந்தி வரும். அப்புறம் மறுபடி நிற்க ஆரம்பிக்கும். விட்டுவிடுங்கள்.

உறையூர்_மகள்:

சரி தம்பி. அடுத்த வருடம் ஐந்தே முக்காலுக்கே அந்தப் பக்கத்து ஜன்னலைச் சாத்திவிடுகிறேன்.

பழைய_லைன்மேன்:

பரணை ஒட்டிப் போகும் இடத்தில் கேபிளை ஆணி வைத்து நசுக்கி அடித்திருந்தால் மட்டும் கொஞ்சம் தளர்த்திவிடுங்கள் அம்மா. அங்கே எலி நடமாட்டம் உண்டென்றால் அந்த இரண்டு மீட்டருக்குப் பிவிசி குழாய் போடுங்கள்.