412 நாள் தாமதம்: பள்ளிவாசல் நிர்வாக மனுவைக் கேட்காமலே தள்ளலாமா?

பள்ளத்தூரான்:
எங்கள் பள்ளிவாசலுக்கு நோன்புக் கஞ்சிக்கென்று வக்ஃபாக, அதாவது அறச் சொத்தாக, எழுதி வைத்த நஞ்சையும் கடைத்தெருவில் மூன்று கடைகளும் உண்டு. பழைய முத்தவல்லியின் (வக்ஃபு நிர்வாகியின்) மகனே அடுத்த முத்தவல்லி என்று உத்தரவு வந்தது. ஜமாஅத்தில் பாதிப் பேருக்கு அது ரமலானில் கணக்கு வாசித்தபோதுதான் தெரிந்தது. அதை எதிர்த்து நாங்கள் வக்ஃபு தீர்ப்பாயத்தில் மனுப் போட்டபோது 412 நாள் தாமதம். தாமதத்தை மன்னிக்கக் கேட்ட மனு தள்ளுபடி. மூல மனுவுக்கு வழக்கு நம்பர்கூட விழவில்லை.

ஒரு கடையின் வாடகை ரசீதைக் கையில் வாங்கிப் பார்த்தேன். மாதம் 350 ரூபாய். சுவரை ஒட்டிய செட்டியார் கடைக்கு 6,000. இதை இன்றுவரை எந்த நீதிபதியும் பார்க்கவில்லை. கஞ்சி வாங்க வரும் பிள்ளைகளா வழக்குப் போடும்? அவர்கள் சொத்துக்கு நாள் எண்ணிக் கதவைச் சாத்துவது அநியாயம்.

தேவகோட்டை வக்கீல்:
தம்பி, நாளை மட்டும் எண்ணுவதில்லை. 1998இல் பாலகிருஷ்ணன் வழக்கில் 883 நாள் தாமதத்தையே உச்ச நீதிமன்றம் மன்னித்தது. தாமதம் எவ்வளவு என்பதல்ல, சொல்லும் காரணம் ஏற்கும்படி இருக்கிறதா என்பதுதான் கேள்வி என்றது. உங்கள் மனுவில் என்ன காரணம் எழுதினீர்கள்?

பள்ளத்தூரான்:
உத்தரவு தெரியாது, அப்புறம் மனுதாரருக்கு மஞ்சள் காமாலை என்று.

தேவகோட்டை வக்கீல்:
அங்கேதான் போயிற்று. மஞ்சள் காமாலை இல்லாத தாமத மனுவை நான் பார்த்ததே குறைவு, நீதிபதியும் அப்படித்தான் பார்த்திருப்பார். உத்தரவு யாருக்குப் போனது, உங்களுக்கு எந்தத் தேதியில் தெரிந்தது, நகல் எப்போது கேட்டீர்கள், எப்போது கிடைத்தது என்று தேதிவாரியாக எழுதியிருக்க வேண்டும். 2024இல் 5,659 நாள் தாமதமான ஒரு மேல்முறையீட்டை உச்ச நீதிமன்றம் ஏற்க மறுத்தது. வழக்கில் நியாயம் இருக்கிறது என்பது மட்டும் தாமதத்துக்குக் காரணமாகாது.

கானாடுகாத்தான் அப்பச்சி பேரன்:
வக்கீல் அண்ணே, கோயில் நிலத்தை மீட்கப் போடும் வழக்குக்குக் காலவரம்பே கிடையாது, அறநிலையத் துறைச் சட்டத்தின் 109ஆம் பிரிவு அப்படிச் சொல்கிறது. வக்ஃபுக்கும் வக்ஃபு சட்டத்தின் 107ஆம் பிரிவில் அதே பாதுகாப்பு இருந்தது. 2025 திருத்தத்தில் எடுத்துவிட்டார்கள். எங்கள் நகரத்தார் கோயிலுக்கு இருக்கும் பாதுகாப்பு பாய் வீட்டுப் பள்ளிவாசலுக்கு இல்லாமல் போனது எனக்கு உறுத்துகிறது.

தேவகோட்டை வக்கீல்:
எனக்கும்தான். ஆனால் அந்த 107 சொத்தின் சுவாதீனம் (கைவசம்) கேட்கும் வழக்குக்கு மட்டும்தான் இருந்தது. அதுவும் முன்பே காலாவதியான உரிமைக்கு உயிர் கொடுக்காது என்று 2008இல் நம் தமிழ்நாட்டுத் தைக்கால் (தர்கா போன்ற இடம்) ஒன்றின் வழக்கிலேயே உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. யார் முத்தவல்லி என்ற சண்டைக்கு அந்தப் பிரிவு என்றுமே உதவியதில்லை. இரண்டையும் கலக்காதீர்கள்.

காரைக்குடி ராவுத்தர் மகன்:
நான் எதிர்ப்பக்கம் நின்றவன். என் அத்தா முத்தவல்லியாக இருந்தார். வருடா வருடம் கணக்கு, வக்ஃபு வாரியத்துக்கு வருமானத்தில் அப்போதைய 7 சதவீதப் பங்கு (இப்போது 5), ஒன்றும் பாக்கியில்லை. நான்கு வருடம் கழித்து ஒரு தாமத மனு வந்தது. மறு மாதமே, யாரிடம் கட்டுவது தெரியவில்லை என்று கடைக்காரர்கள் வாடகையை நிறுத்தினார்கள். மழையில் வுளூ செய்யும் (தொழுகைக்கு முன் கைகால் கழுவும்) இடத்தின் ஓடு சரிந்து விழுந்தது, மாற்றப் பணமில்லை. அத்தா சொந்தக் காசில் தார்ப்பாய் வாங்கிக் கட்டினார். அந்த மனுவை ஆரம்பத்திலேயே தள்ளியிருந்தால் பள்ளிவாசல் பிழைத்திருக்கும். ஏழைகளின் சொத்து என்கிற அதே காரணத்துக்காகத்தான் காலக்கெடு வேண்டும் என்கிறேன்.

பள்ளத்தூரான்:
அண்ணே, உங்கள் அத்தா கணக்குக் கொடுத்தவர். இங்கே கணக்கே வரவில்லை. கணக்குக் கொடுத்தவரையும் கொடுக்காதவரையும் ஒரே காலக்கெடு காப்பாற்றுகிறது, என் வயிற்றெரிச்சல் அதுதான். தாமதத்துக்கு எங்களுக்கு அபராதம் போடட்டும், கட்டுகிறோம். கணக்கைப் பார்க்காமல் விடக்கூடாது.

காரைக்குடி ராவுத்தர் மகன்:
கணக்குக் கேட்க இந்த மனுதான் வழியா? வாரியத்திடம் தணிக்கை கேட்டுத் தனியாக எழுதுங்கள். அதை நானே ஆதரிப்பேன். முத்தவல்லி நியமனத்தை 412 நாள் கழித்துக் கிளறுவதை ஆதரிக்க மாட்டேன்.

தேவகோட்டை வக்கீல்:
இரண்டையும் செய்யலாம். திருத்தத்துக்குப் பிறகு தீர்ப்பாய உத்தரவின் மேல் உயர் நீதிமன்றத்தில் மேல்முறையீடு உண்டு, 90 நாளுக்குள். நமக்கு மதுரைக் கிளை. அந்த 90 நாளையும் விட்டுவிடாதீர்கள் தம்பி. நியமன உத்தரவு பள்ளிவாசல் பலகையில் ஒட்டப்பட்டதா, ஜமாஅத்துக்குத் தபாலில் வந்ததா என்று தகவல் உரிமை மனு இன்றே போடுங்கள்.

பள்ளத்தூரான்:
பலகையில் ஒட்டவில்லை, அதற்குப் பாங்கு சொல்லும் மோதினாரே சாட்சி. வெள்ளிக்கிழமை ஜும்ஆவுக்கு அப்புறம் அவரிடம் எழுதி வாங்குகிறேன். தணிக்கை மனுவும் போடுகிறேன். அந்த 350 ரூபாய் ரசீதையும் மதுரைக்குக் கொண்டு போவேன்.