கேஸ்ட்லெஸ் கலெக்டிவ் இசைக்குழுவை நீங்கள் முதலில் கேட்டது எங்கே?

நானே தொடங்குகிறேன். 2018 ஜனவரி 6, கீழ்ப்பாக்கம் சி.எஸ்.ஐ. பெயின் பள்ளி மைதானம். அதுதான் அவர்களுடைய முதல் மேடை. மார்கழி மாதம், சபாக்களில் கச்சேரி நடந்துகொண்டிருந்த நேரம். புளியந்தோப்பிலிருந்து ஒரே ஆட்டோவில் அடைந்துகொண்டு போனோம். சினிமா இயக்குநர் பா. ரஞ்சித் நடத்துகிறார், கானா பாடுவார்களாம் என்பதற்கு மேல் எதுவும் தெரியாது.

19 பேர், கோட்டு சூட்டு போட்டுக்கொண்டு மேடை ஏறினார்கள். கிட்டார், டிரம்ஸ் இருந்தன. கூடவே டோலக், பறை, சட்டி என்கிற மேளம், கட்டை மோளம்.

சட்டியைப் பார்த்ததும் எனக்கு மாமா ஞாபகம் வந்துவிட்டது. அவர் சாவு மேளம் அடித்தவர். ஏரியாவில் யாராவது தவறிவிட்டால் முதலில் அவரைத் தேடித்தான் ஆள் வரும். ராத்திரி முழுக்கப் பந்தலில் கானா நடக்கும், மறுநாள் எடுக்கும்போது மேளம். சுடுகாடு வரை அடித்துவிட்டு வந்து, சட்டியை வாசலிலேயே வைத்துவிட்டுக் குளிக்கப் போவார். அத்தை அதை ஒருநாளும் வீட்டுக்குள் கொண்டுவர விட்டதில்லை. மாடிப்படிக்குக் கீழே சாக்கு மூடிக் கிடக்கும். கல்யாணம், காதுகுத்து என்றால் பேண்டு வாத்தியக்காரர்களைக் கூப்பிடுவார்கள். மாமாவைக் கூப்பிட மாட்டார்கள்.

அன்றைக்கு அந்தச் சட்டிக்கென்று தனியாக ஒரு மைக் வைத்திருந்தார்கள். பாட்டுக்கு முன்னால் ஒருவர் குனிந்து மைக்கைக் கொஞ்சம் கிட்டே திருப்பி, குச்சியால் இரண்டு தட்டு தட்டிப் பார்த்தார். மைதானம் முழுக்கக் கேட்டது. எனக்குத் தொண்டை அடைத்துக்கொண்டது. அப்புறம் பாட்டு ஆரம்பித்ததும் சுற்றி இருந்த அத்தனை பேரும் ஆடினார்கள், நானும்தான்.

•••

நான் கிட்டார் வாசிக்கிறவன். அந்த மேடையைப் பார்க்கக் கொடுத்துவைக்கவில்லை, யூடியூபில்தான் முதலில் கேட்டேன். இடஒதுக்கீடு பற்றி, குழுவின் ராப் பாடகர் அறிவு எழுதிய பாட்டு. ராக் பேண்டில் நம் ஊர் வாத்தியம் என்றால் பெரும்பாலும் ஊறுகாய் மாதிரி ஓரத்தில் இருக்கும். இடையில் நாலு அடி அடித்துவிட்டு ஒதுங்கிக்கொள்ளும். இங்கே டோலக்கும் சட்டியும் வழி போட, கிட்டார் பின்னால் வருகிறது. வீட்டில் வாசித்துப் பார்த்தபோதுதான் எவ்வளவு கஷ்டம் என்று புரிந்தது. ராக் டிரம்ஸ் ஒன்று, இரண்டு, மூன்று, நான்கு என்று நேராக நடக்கும். கானா கொஞ்சம் சாய்ந்து நடக்கும், பாடுகிறவர் மூச்சு விடும் இடத்தில் தாளமும் லேசாகக் காத்திருக்கும். அந்தச் சாய்வைக் கெடுக்காமல் கிட்டாரை அதற்குள் நுழைத்திருக்கிறார் டென்மா. குழுவை ரஞ்சித்தோடு சேர்ந்து 2017இல் தொடங்கியவர் அவர்தான்.

குழுவின் பெயரே சாதி எதிர்ப்புச் சிந்தனையாளர் அயோத்திதாசர் சொன்ன 'சாதி பேதமற்ற தமிழர்' என்பதிலிருந்து எடுத்ததுதானே. பின்னால் குழு சிறியதாயிற்று, அறிவு 'எஞ்சாய் எஞ்சாமி' பாட்டு மூலம் உலகம் முழுக்கத் தெரிந்தவரானார். ஆனாலும் எனக்கு அந்த முதல் அணியின் சத்தம்தான் சத்தம்.

•••

பாடகி இசைவாணியைப் பற்றி யாரும் சொல்லவில்லையே! முதல் அணியில் இருந்த ஒரே பெண். ராயபுரத்துப் பெண். 2020இல் பிபிசியின் நூறு பெண்கள் பட்டியலில் அவர் பெயர் வந்தது.

எங்கள் பக்கம் சாவு வீட்டில் பெண்கள் உள்ளே உட்கார்ந்து ஒப்பாரி வைப்போம். வெளியே பந்தலில் ஆண்கள் கானா பாடுவார்கள். ஜன்னல் வழியாக எவ்வளவோ பாட்டு கேட்டிருக்கிறேன், மனப்பாடமும் செய்திருக்கிறேன். வாய் திறந்து பாடினால் "பொம்பளைக்கு என்ன கானா" என்பார்கள். ஒரு நிகழ்ச்சியில் இசைவாணி மைக்கைக் கையில் எடுத்து அடிவயிற்றிலிருந்து இழுத்துப் பாடினார் பாருங்கள், பக்கத்தில் இருந்த என் மகள் நாற்காலி மேல் ஏறி நின்றுவிட்டாள். இறங்கச் சொல்ல எனக்கு மனசு வரவில்லை. இப்போது வீட்டில் நாங்கள் இரண்டு பேரும் சத்தமாகவே பாடுகிறோம்.

•••

அக்கா, ஜன்னல் வழியாகக் கேட்டேன் என்றீர்களே, எங்கள் வீட்டு அத்தையும் அப்படிக் கேட்டவர்தான். அவர் அடுப்படியில் முணுமுணுப்பதை நானே கேட்டிருக்கிறேன்.

ஒன்றைச் சொல்ல விட்டுவிட்டேன். கச்சேரி முடிந்த மறுநாள் போனில் எடுத்த வீடியோவை மாமாவுக்குக் காட்டினேன். அவருக்கு அப்போதே தோள்பட்டை வலி, மேளத்தை விட்டு வருஷமாகியிருந்தது. கண்ணாடியைப் போட்டுக்கொண்டு போனை முகத்துக்குக் கிட்டே வைத்துப் பார்த்தார். பாடுகிறவர்களைப் பார்க்கவில்லை, சட்டி அடிக்கிற கையையே பார்த்துக்கொண்டிருந்தார். விரல் தொடையில் தாளம் போட்டது. மூன்று தரம் திருப்பிப் போடச் சொன்னார்.

"குச்சிய நல்லா புடிக்கிறான் பையன்" என்றார். கொஞ்ச நேரம் கழித்து, "கோட்டு யாருடா எடுத்துக் குடுத்தது?" என்று கேட்டார்.

அன்றைக்கு சாயந்திரம் சட்டி மாடிப்படிக்குக் கீழே இல்லை. கூடத்தில், டிவி பக்கத்தில் துடைத்து வைத்திருந்தது. வைத்தது அத்தை.