அப்பாவுக்கு கேன்சர் என்பதை அவரிடமே மறைக்கச் சொல்லி டாக்டரைக் கேட்பது நியாயமா?

கெடிலக்கரை:
வணக்கம். எனக்கு கடலூர் மஞ்சக்குப்பம். அப்பாவுக்கு 67 வயது, கண்டக்டராக இருந்து ரிட்டயர் ஆனவர். நாலு மாதமாக வயிற்று வலி, சாப்பாடு இறங்கவில்லை. இங்கே ஒரு கிளினிக்கில் அல்சர் என்று மாத்திரை கொடுத்துக்கொண்டே இருந்தார்கள். கடைசியில் புதுச்சேரிக்கு அழைத்துப் போய் எண்டோஸ்கோபி பார்த்தோம், போன வாரம் பயாப்ஸி ரிசல்ட் வந்தது. இரைப்பையில் கேன்சர். டாக்டர் அப்பாவை வெளியே பெஞ்சில் உட்காரச் சொல்லிவிட்டு எங்களிடம்தான் சொன்னார். அண்ணன் உடனே, "அவர்கிட்ட சொல்லிடாதீங்க சார், தாங்க மாட்டார்" என்றான். டாக்டரும் சரி என்று தலையாட்டிவிட்டார். மொத்தம் ரெண்டு நிமிஷம்கூட ஆகவில்லை.

அப்பாவிடம், "புண் கொஞ்சம் பெரிசா இருக்கு, ஊசி போட்டு ஆத்தணும்" என்று சொல்லி வைத்திருக்கிறோம். அத்தை வேறு, அப்பருக்குச் சூலை நோய் தீர்ந்த ஊர் பக்கத்திலேயே இருக்கும்போது என்ன கவலை என்று திருவதிகைக்குக் கூட்டிப்போனார். அப்பா ஒரு கேள்வி கேட்காமல் கூடவே வந்தார். அதுதான் எனக்கு உறுத்துகிறது. காய்கறி விலையையே ரெண்டு தடவை கேட்கிற மனிதர். நெரிசல் பஸ்ஸில் முகத்தைப் பார்த்தே யார் டிக்கெட் எடுக்கவில்லை என்று கண்டுபிடித்தவருக்கு எங்கள் மூஞ்சியைப் பார்த்தால் தெரியாதா?

உடம்பு அவருடையது. அதைப் பற்றிய விஷயம் எப்படி எங்கள் ரகசியம் ஆனது? அந்த டாக்டர் அவருக்கு டாக்டரா, எங்களுக்கா? அண்ணனிடம் கேட்டால் சண்டைதான் வருகிறது.

பழைய ஓ.டி.க்காரன்:
தங்கச்சி, கோவிச்சுக்காதே, நான் உன் அண்ணன் கட்சி. என் மாமனாருக்கு நுரையீரலில். ஒரு சின்ன வயசு டாக்டர் வராண்டாவில் நின்றபடியே, ஸ்கேன் படத்தை வெளிச்சத்துக்குத் தூக்கிப் பிடித்து அவர் முகத்துக்கு நேரே எல்லாம் சொல்லிவிட்டார். வீட்டுக்கு வந்தவர் சுவர்ப்பக்கம் திரும்பிப் படுத்தார், அவ்வளவுதான். கஞ்சிகூட வேண்டாம் என்றுவிட்டார். மூணு வாரம். உரிமை, சட்டம் எல்லாம் சரி, அந்தச் சுவரைப் பார்த்துப் படுத்திருந்தவரை யார் பார்த்துக்கொண்டது? நாங்கள்தானே.

நைட்டு டூட்டி:
நான் டாக்டர், கேன்சர் ஸ்பெஷலிஸ்ட் இல்லை. ஆனால் இந்தக் காட்சியில் பல முறை தலையாட்டியவன், அதனால் எழுதுகிறேன்.

முதலில் ஓ.டி. அண்ணனுக்கு. உங்கள் மாமனாரிடம் சொன்னது தப்பில்லை, வராண்டாவில் நின்று சொன்னதுதான் தப்பு. எப்படிச் சொல்வது என்பதற்கே ஒரு முறை இருக்கிறது. ஒதுக்கமான இடத்தில் உட்கார வைத்து, முதலில் "உங்களுக்கு என்னன்னு நினைக்கறீங்க?" என்று கேட்க வேண்டும். அப்புறம் "எவ்வளவு தெரிஞ்சுக்க விரும்பறீங்க?" அவர் "என் பையன்கிட்ட பேசிக்குங்க" என்றால் அதுவும் அவர் எடுத்த முடிவு, அதை மதிக்கலாம். தங்கச்சி வீட்டில் அந்தக் கேள்வியே கேட்கப்படவில்லை.

நாங்கள் ஏன் தலையாட்டுகிறோம்? உண்மையைச் சொன்னால், சுலபம். வெளியே வரிசை நிற்கிறது. நோயாளி சத்தம் போட மாட்டார், குடும்பம் போடும். சட்டப் புத்தகமும் கொஞ்சம் இடம் கொடுக்கிறது. மருத்துவக் கவுன்சிலின் 2002 நடத்தை விதிகள், நோயின் தீவிரத்தைக் கூட்டியும் சொல்லாதே குறைத்தும் சொல்லாதே என்கின்றன. ஆனால் விஷயம் யாருக்குத் தெரிந்திருக்க வேண்டும் என்ற இடத்தில் "நோயாளி, உறவினர் அல்லது பொறுப்புள்ள நண்பர்" என்று போகும். அந்த "அல்லது" வழியாகத்தான் அண்ணன்மார்கள் உள்ளே வருகிறார்கள்.

ஆனால் சிகிச்சை என்று வந்துவிட்டால் இந்த ஓட்டை அடைபடும். 2008-ல் சமீரா கோலி வழக்கில், மயக்கத்தில் இருந்த பெண்ணுக்குப் பதிலாக அவர் அம்மாவிடம் சம்மதம் வாங்கிக் கர்ப்பப்பையை எடுத்தது செல்லாது என்றது உச்ச நீதிமன்றம். சுயநினைவோடு முடிவெடுக்கக்கூடிய பெரியவருக்கு, அவசரமும் இல்லாதபோது, வேறொருவர் சம்மதிக்க முடியாது. கீமோ (கேன்சருக்கான மருந்துச் சிகிச்சை) படிவத்தில் உங்கள் அப்பாதான் கையெழுத்துப் போட வேண்டும். முடி கொட்டும், வாந்தி வரும் என்பதை எல்லாம் புண்ணாற்றும் ஊசி என்று சொல்லியா வாங்குவார்கள்?

"வெளிநாட்டில் சொல்வார்கள், நம் பண்பாடு வேறு" என்று யாராவது வருவதற்குள் ஒன்று. அமெரிக்காவில் 1961-ல் ஒரு சிகாகோ ஆஸ்பத்திரி டாக்டர்களிடம் கேட்டதில் 90 சதவீதம் பேர் கேன்சரை நோயாளியிடம் சொல்வதைத் தவிர்ப்போம் என்றார்கள். 1979-ல் வேறொரு ஆஸ்பத்திரியில் அதே கேள்விக்கு 97 சதவீதம் பேர் சொல்வோம் என்றார்கள். இருபது வருஷத்துக்குள். பண்பாடாம்.

இன்னொன்று, நோய் எவ்வளவு பரவியிருக்கிறது, ஸ்டேஜ் என்ன என்றே நீங்கள் எழுதவில்லை. சி.டி. ஸ்கேன் எடுத்தாயிற்றா? ஆபரேஷன் செய்யக்கூடிய நிலையாகவும் இருக்கலாம். அது தெரியாமலே "தாங்க மாட்டார்" என்று முடிவு கட்டியாயிற்று.

அரியாங்குப்பம் அக்கா:
நாங்கள் அம்மாவிடம் மறைத்தோம்மா. எட்டு மாசம். கீமோ போடுகிற இடத்தில் பக்கத்து பெட் அம்மா முதல் நாளே "உங்களுக்கு இது எத்தனாவது சைக்கிள் கீமோ? எந்த இடத்துல கேன்சர்?" என்று கேட்டுவிட்டாராம். இதை அம்மா எங்களிடம் சொல்லவே இல்லை, அந்த வார்டு சிஸ்டர்தான் காரியமெல்லாம் முடிந்த பிறகு சொன்னார். அதாவது அம்மாவுக்குத் தெரியும், எங்களுக்காகத் தெரியாத மாதிரி இருந்திருக்கிறார். ராத்திரியில் பயம் வந்தால் யாரிடம் சொல்லியிருப்பார்? என் தங்கச்சியிடம் சொல்ல முடியாது, என்னிடம் சொல்ல முடியாது, ஏனென்றால் நாங்கள்தான் "ஒண்ணுமில்லம்மா" என்று சிரித்துக்கொண்டிருந்தோமே. இதுக்கு மேல எழுத முடியல.

பழைய ஓ.டி.க்காரன்:
பக்கத்து பெட் விஷயத்தை நான் யோசிக்கவே இல்லை, அக்கா. சரி, சொல்லுங்கள். ஆனால் சொல்லப்போவது யார் என்று முதலில் முடிவு பண்ணுங்கள். சொல்லிவிட்டு சாயங்காலம் பஸ் ஏறி சென்னைக்குப் போகிறவர் சொல்லக்கூடாது.

கெடிலக்கரை:
எல்லோருக்கும் நன்றி. சி.டி. எடுத்துவிட்டோம், ரிப்போர்ட் திங்கட்கிழமை. நேற்று திரும்பி வரும்போது பஸ் முள்ளோடை தாண்டியதும் அந்தக் கேள்வியை மட்டும் கேட்டுப் பார்த்தேன். "அப்பா, ரிப்போர்ட்ல என்ன இருக்குன்னு நீங்களே டாக்டர்கிட்ட கேக்கறீங்களா, இல்ல நாங்க பாத்துக்கட்டுமா?" ஜன்னல் பக்கமே பார்த்துக்கொண்டு கொஞ்ச நேரம் இருந்தார். அப்புறம் சொன்னார், "நானே கேக்கறேன். உங்கண்ணனையும் வரச் சொல்லு, அவன்தான் பயந்து போயிருக்கான். அதுக்கு முன்னாடி பென்ஷன் பேப்பர்ல உங்கம்மா பேரு சரியா இருக்கான்னு ஒரு தடவ பாத்துடு."

அண்ணன் ஞாயிறு ராத்திரி வருகிறான்.