செரோக்கி மொழியைக் காக்கும் முறை நம் கடற்கரைக்குப் பயன்படுமா?

கேள்வி (பாம்பன் வாசகர்):
கச்சான், வாடை, கொண்டல் என்று காற்றை அறிந்து தொழிலுக்குச் சென்ற பெரியவர்கள் எங்கள் ஊரில் குறைந்து வருவதால், அவர்களுடைய கடற்சொற்களைப் பதிவு செய்ய விரும்புகிறேன். அமெரிக்கப் பழங்குடியினரான செரோக்கியர் தம் மொழியை எவ்வாறு காக்கின்றனர் என்பதை அறிந்தவர்கள் விளக்க வேண்டுகிறேன்.

பதில் (மண்டபம் வாசகர்):
ஆங்கிலம் படிக்கத் தெரியாத செக்வோயா என்ற செரோக்கியர், தம் மொழியின் அசைகளுக்கு எண்பதுக்கும் மேற்பட்ட எழுத்துகளைத் தாமே வகுத்து, 1821 அளவில் அம்முறையை நிறைவு செய்தார். மக்கள் அதை வியக்கத்தக்க வேகத்தில் கற்றுக்கொண்டதால், 1828இல் அவர்களின் தலைநகரான நியூ எக்கோட்டாவில் 'செரோக்கி ஃபீனிக்ஸ்' என்ற இருமொழிச் செய்தித்தாள் வெளிவந்தது. பத்தே ஆண்டுகளில் அமெரிக்க அரசு அவர்களை மண்ணைவிட்டு மேற்கே துரத்தியது. வழியிலும் முகாம்களிலும் ஆயிரக்கணக்கானோர் மாண்டனர். பின்னாளில் உறைவிடப் பள்ளிகள் பிள்ளைகளைத் தாய்மொழி பேசியதற்காகத் தண்டித்தன. மொழி தானாக நலிந்தது என்று எழுதுவோரை என்னால் ஏற்க முடியவில்லை.

பதில் (கீழக்கரை வாசகர்):
எழுத்து மட்டும் போதாது. எங்கள் ஊரில் ஒருகாலத்தில் செழித்த, அரபு எழுத்தில் தமிழை எழுதும் அரபுத் தமிழை இன்று வாசிக்கத் தெரிந்தவர் மிகச் சிலரே. செரோக்கியர் 1975இல் தம் மொழியறிஞர் டர்பின் ஃபீலிங் தொகுத்த அகராதியோடு நின்றுவிடாமல், அமெரிக்காவின் ஓக்லஹோமா மாநிலத்தில் எல்லாப் பாடங்களையும் தம் மொழியிலேயே கற்பிக்கும் பள்ளியை நடத்துகின்றனர். கற்க விரும்பும் வயதுவந்தோருக்கும் உதவித்தொகை வழங்கி, மூத்தோருடன் ஈராண்டு முழுநேரமாகப் பழகிக் கற்க வைக்கின்றனர். ஆகவே சொற்பட்டியலுக்கு முன்பாக, கற்க விரும்பும் இளைஞர் ஒருவரையாவது உங்கள் ஊர்ப் பெரியவர்களோடு கடலுக்கு அனுப்புங்கள். ஒலிப்பதிவையும் வலை இழுக்கும் இடத்திலேயே செய்யுங்கள்.