புதுப்பிப்பு: ஐடிலிங் தடுமாற்றம் தீர்ந்தது

எஞ்சின் ஓடியபடி நிற்கும்போது (ஐடிலிங்) என் பெட்ரோல் காரின் ஆர்.பி.எம். (எஞ்சின் சுழலும் வேகம்) முள் ஏறி இறங்கி, வண்டியே அதிர்கிறது என்று முன்பு எழுதியிருந்தேன். அது இப்போது சரியாகிவிட்டது. காட்பாடி மெக்கானிக், எஞ்சினுக்குள் போகும் காற்றைக் கட்டுப்படுத்தும் த்ராட்டில் பாடியைக் கழற்றியபோது, அதில் திறந்து மூடும் தட்டின் விளிம்பில் கரி கருவளையமாகப் படிந்திருந்தது. துடைத்து மாட்டியதும் ஐடிலிங் வேகம் முன்பைவிட உயர்ந்தது. ஏனெனில், கரி தடுத்த காற்றை ஈடுகட்டத் தட்டைச் சற்றுக் கூடுதலாகத் திறக்கப் பழகியிருந்த இ.சி.யு. (எஞ்சினைக் கட்டுப்படுத்தும் கணினி), சுத்தம் செய்த பின்னும் அதே அளவுக்கே திறந்தது. ஆகவே எஞ்சினைச் சூடாக்கி, ஏ.சி., விளக்குகளை அணைத்து, ஆக்சிலரேட்டரைத் தொடாமல், காரின் கணினியுடன் இணைக்கும் ஸ்கேனர் மூலம், தட்டை எவ்வளவு திறக்க வேண்டும் என்பதை இ.சி.யு. புதிதாகக் கற்கும்படி த்ராட்டிலை மறு அளவீடு செய்தார். இந்தப் படியைப் பலர் விட்டுவிடுவதுதான் வருத்தம். வேலூர் வெயிலில் ஏ.சி. போட்டு கிரீன் சர்க்கிள் நெரிசலில் நின்றாலும் இப்போது அதிர்வில்லை. துடைக்கும்போது தட்டை விரலால் அழுத்தித் திறக்காதீர்கள். உள்ளிருக்கும் பற்சக்கரங்கள் பழுதாகலாம்.