வரையாடு கணக்கெடுப்பு: இன்னும் உறுத்துகிற ஒரு மந்தையைச் சொல்லுங்கள்

கருங்கல்முகடு:
ஆனைமலையில் கிராஸ் ஹில்ஸ், காலை 7.40. பாறைச் சரிவில் 14: பெட்டை 9, போன வருடக் குட்டி 2, இந்த வருடக் குட்டி 3. மூடுபனி இறங்கியது, முதல் அணி எழுதிவிட்டு நகர்ந்தது. 25 நிமிடம் கழித்து வந்த இரண்டாம் அணிக்குப் பனி விலகி அதே சரிவில் 19. பெட்டை 10, போன வருடக் குட்டி 2, இந்த வருடக் குட்டி 7. ராத்திரி முகாமில் இரண்டும் வேறு மந்தை என்று முடிவானது. மனசு ஒப்பவில்லை.

பன்றிமலையான்:
ஒரே மந்தைதான் சார். பாறைக்குப் பின்னால் படுக்கிறது குட்டிதான், கூடின ஐந்தில் நாலு குட்டி. மொத்தத்தை மட்டும் பார்த்துப் பிரித்துவிட்டார்கள். இரண்டு அணியும் தனித்தனியாகப் பார்த்ததில் எத்தனை பொது என்பதை வைத்துத்தான் மொத்த மந்தையை மதிப்பிடுகிறோம். முதல் அணி 9 மந்தை, இரண்டாம் அணி 11, இருவரும் பார்த்தது 8 என்றால், மூன்றோடும் ஒன்று கூட்டி (10×12÷9)−1, சுமார் 12 மந்தை. அந்த 8 தப்பாக 6 ஆனால் 16. இல்லாத நாலு மந்தை தாளில் மேய்கிறது.

சோலைநிழல்:
பன்றிமலையான், கண்டதையெல்லாம் ஒன்றாக்கினால் எண்ணிக்கை குறையும், அதுவும் பிழைதான். பெட்டை எத்தனை, குட்டி எத்தனை என்கிற கலவை மட்டும் போதாது, இடம் வேண்டும். ஜிபிஎஸ் காட்டுவது நீங்கள் நிற்கிற இடம். மந்தை எதிர்ச் சரிவில் 400 மீட்டரில் நிற்கும். திசைகாட்டியில் கோணம், ரேஞ்ச்ஃபைண்டரில் தூரம், நேரம் மூன்றையும் எழுதுங்கள். கிளம்புமுன் இரு அணிக் கடிகாரமும் ஒத்திருக்க வேண்டும். இடமிருந்து வலமாக மூன்று தடவை எண்ணுங்கள். மந்தை மிரண்டு சீழ்க்கை அடித்து ஓடினால் ஓடின திசையைக் குறியுங்கள், முதல் அணி விரட்டிவிட்ட மந்தை இரண்டாம் அணிக்குக் கிடைக்காது. முக்கியமாக, நடுவில் வாக்கி டாக்கியில் "பார்த்தீங்களா" என்று கேட்கவே கூடாது. சொன்ன பிறகு பார்ப்பது தனிப் பார்வை இல்லை. தமிழ்நாட்டு வரையாடு 2024இல் 1,031, 2025இல் 1,303 என்று வருகிற எண்களுக்கு அடியில் இந்தத் தாள்கள்தான் இருக்கின்றன.

புல்வெளிக்காற்று:
கிடாவை யாரும் சொல்லவில்லையே. நீலகிரி முக்கூர்த்தி, கிழக்கு முகட்டில் ஏழு உருவம். முதல் அணி "பெட்டை 7" என்று எழுதியது. அரை மணி கழித்து அவை திரும்பின, வெயில் பக்கவாட்டில் விழுந்து ஐந்தின் முதுகில் முதிர்ந்த கிடாவுக்கே உரிய வெள்ளிப்பட்டை பளிச்சென்றது. எதிர்வெயிலில் பட்டை தெரியாது. காலையில் கிழக்கு முகடு வெறும் நிழலுருவம்தான், "வகை தெரியவில்லை" என்று எழுதிவிடுங்கள், ஊகித்து நிரப்பாதீர்கள்.