சைப்ரஸில் வந்த எல்லைக்கோடு நம் மொரீஷியஸ் தீவில் ஏன் வரவில்லை?

ரோஸ்ஹில்லிலிருந்து கேள்வி:
காலமான அப்பாவின் அஞ்சல்தலை ஆல்பத்தை மகளோடு புரட்டிக்கொண்டிருந்தேன். 1966இல் சைப்ரஸ் வெளியிட்ட தலை ஒன்றில் இந்திய ராணுவத்தின் ஜெனரல் திம்மையாவின் முகம். நாட்டின் பெயர் கிரேக்கம், துருக்கியம், ஆங்கிலம் மூன்றிலும் இருக்கிறது. குடகுக்காரருக்கு அங்கே என்ன வேலை என்று மகள் கேட்கிறாள். 1968 ஜனவரியில் இங்கே போர்ட் லூயிஸில் கிரியோல் மக்களுக்கும் முஸ்லிம்களுக்கும் மூண்ட கலவரத்தை அடக்க வந்த பிரிட்டிஷ் படை திரும்பிவிட்டது. சைப்ரஸில் ஐ.நா. படை இன்னும் நிற்கிறதே, ஏன்?

ஓய்வுபெற்ற ஆசிரியர், போ பாசேன்:
நல்ல கேள்வி, தங்கையே. 1960இல் சைப்ரஸ் விடுதலை பெற்றபோதே முடிச்சு விழுந்துவிட்டது. கிரேக்கர் குடியரசுத் தலைவர், துருக்கியர் துணைத் தலைவர், முக்கிய விஷயங்களில் இருவருக்கும் தடுப்பதிகாரம். வரிச் சட்டத்துக்கு இரு தரப்பிலும் தனித்தனிப் பெரும்பான்மை வேண்டும். போதாததற்கு பிரிட்டன், கிரீஸ், துருக்கி மூன்றும் இந்த ஏற்பாட்டைக் காக்கத் தலையிடலாம் என்ற உத்தரவாத நாடுகள். அப்படிப்பட்ட உத்தரவாதம் நமக்கு வாய்க்காமல் போனது பெரும் புண்ணியம் என்றே நினைக்கிறேன்.

1963 டிசம்பரில் இரு தரப்புக்கும் இடையே ரத்தம் சிந்தியது. பிரிட்டிஷ் தளபதி ஒருவர் தலைநகர் நிகோசியாவின் வரைபடத்தில் இரு தரப்பையும் பிரித்துப் பச்சைப் பென்சிலால் கோடு இழுத்தார்; பச்சைக் கோடு என்ற பெயர் அப்படி வந்ததுதான். 1964 மார்ச்சில் ஐ.நா. படை வந்தது. திம்மையா அதன் தளபதியாக இருந்தபோதே 1965 டிசம்பரில் அங்கேயே இறந்தார். 1974இல் கிரீஸின் ராணுவ ஆட்சி தூண்டிய ஆட்சிக் கவிழ்ப்பு நடந்து ஐந்தாம் நாள் துருக்கிப் படை இறங்கியது. அப்போதும் தளபதி ஓர் இந்தியர்தான், பிரேம் சந்த். நிகோசியா விமான நிலையம் யார் கையிலும் விழாதபடி ஐ.நா. பொறுப்பில் எடுத்துக்கொண்டார். இன்று இரு தரப்புப் படைகளுக்கும் நடுவே சுமார் 180 கி.மீ. நீளத்துக்கு ஐ.நா. படை காக்கும் இடைநிலம் கிடக்கிறது; அந்த விமான நிலையமும் அதற்குள்தான் பாழடைந்து நிற்கிறது.

சேன்த் குருவாவிலிருந்து:
ஐயா சொல்வது சரி. ஆனால் இங்கே கோடே விழவில்லை என்று என்னால் ஒப்புக்கொள்ள முடியாது. 1968இல் எனக்கு ஒன்பது வயது. எதிர்வீட்டு முஸ்லிம் குடும்பம் தையல் இயந்திரத்தைக் கைவண்டியில் கட்டிக்கொண்டு தம்மவர் மிகுந்த பிளேன் வேர்த்துக்குப் போனது. கயிறு போதவில்லை, அம்மா தன் பழைய புடவையைக் கிழித்துக் கொடுத்தார். அவர்கள் திரும்பி வரவேயில்லை. முள்கம்பி இல்லாததால் நாங்கள் போய்ப் பார்க்க முடிந்தது, அவ்வளவுதான் வித்தியாசம். அந்த வித்தியாசம் எனக்குப் பெரிது.

ரோஸ்ஹில்லிலிருந்து:
மகளுக்கு இரண்டு பதில்களையும் படித்துக் காட்டினேன். தையல் இயந்திரத்தைப் பற்றி இன்னும் கேட்கிறாள். ஞாயிற்றுக்கிழமை உங்கள் சேன்த் குருவா கைலாசன் கோவிலுக்கு வருகிறோம், அண்ணா. ஆல்பத்தையும் எடுத்து வருகிறேன்.